வகுப்பில் வாய் திறவாத குழந்தை

ஜூன் மாதம் பிறந்துவிட்டால் நம் அடுகோடியில் புதிய முகங்கள் சில தென்படும். தருமபுரி, கிருஷ்ணகிரி, திருவண்ணாமலை முதலிய மாவட்டங்களிலிருந்து பிழைப்புத் தேடி வரும் குடும்பங்கள், குழந்தைகளின் கோடை விடுமுறையில் மூட்டை முடிச்சுகளோடு வந்திறங்கி, ஓசூர் சாலைக்கு உட்புறமுள்ள சந்துகளில் ஓரறை வீடுகளைப் பிடித்துக்கொள்கின்றன. அடுத்த வாரமே குழந்தையின் காலுக்குப் புதிய காலணியும், முதுகுக்குப் புதிய பையும், கழுத்துக்கு ஒரு டையும் வந்துவிடும். அதுவரை தமிழில் பாடங்கேட்ட பிள்ளை ஆங்கில வழி வகுப்பிலே போய் அமரும். அந்தக் கோலத்தைக் கண்டு பெற்றோர் மனம் குளிரும். வகுப்புக் கதவு சாத்திய பின்பு அப்பிள்ளையின் மனம் என்ன ஆகிறது என்பதை மட்டும் ஒருவரும் கேட்பதில்லை.

நான் கல்வித்துறையைச் சார்ந்தவன் அல்லேன். தந்தையார் பணியிலிருக்கையிலேயே காலமானபடியால், பத்தாம் வகுப்புத் தேறிய கையோடு இரயில்வேயில் எழுத்தராக அமர்ந்தவன். ஆயினும், என் உறவினர் வீட்டில் நேர்ந்த ஒன்றைக் கண்ணாரக் கண்டபின், நம் சங்கத்து அன்பர்களுக்கு அதைச் சொல்லாதிருப்பது பிழை என்று தோன்றிற்று.

என் தமக்கையின் குடும்பம் ஈராண்டுகளுக்கு முன்பு அரூர்ப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து இங்கு வந்தது. தமக்கையின் கணவருக்குக் கோரமங்கலாவில் ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தில் காவலாளி வேலை. அவர்களுடைய மகள் மூன்றாம் வகுப்பு முடிய ஊர்ப்பள்ளியில் தமிழிலேயே படித்தவள். கணக்கில் கெட்டிக்காரி. பாட்டியோடு சந்தைக்குப் போனால், கடைக்காரர் விரலை மடக்கி எண்ணுமுன் மீதிச் சில்லறை எவ்வளவு என்று சொல்லிவிடுவாள். இங்கு அவளை ஓர் ஆங்கில வழிப் பள்ளியில் நான்காம் வகுப்பில் சேர்த்தார்கள். பள்ளியின் பெயர் வேண்டா. அது பத்தோடு பதினொன்று. நான்கே மாதங்களில் அந்தக் குழந்தை ஏறக்குறைய ஊமையாகிவிட்டது.

வகுப்பில் அவள் பேசாதது வியப்பன்று. வீட்டிலும் பேச்சு நின்றதுதான் எங்களை வாட்டியது. அதற்குக் காரணம் இருந்தது. “வீட்டிலும் ஆங்கிலமே பேசுங்கள், அப்போதுதான் பிள்ளை தேறும்” என்று பள்ளியில் யாரோ அறிவுரை கூறியிருக்கிறார்கள். தமக்கையின் கணவர் நல்லவர். பிள்ளைக்கென்றால் உயிரையே கொடுப்பவர். ஆகையால் அச்சொல்லை வேதவாக்காக எடுத்துக்கொண்டு, இனி இந்த வீட்டில் தமிழ் கூடாது என்று கட்டளையிட்டுவிட்டார். என் தமக்கை அறிந்த ஆங்கிலமோ நான்கு சொற்கள்: கம், ஈட், ஸ்லீப், குட். காலை முதல் இரவு வரை தாய்க்கும் மகளுக்கும் இடையே அந்த நான்கு சொற்களே நடமாடின. முன்பெல்லாம் இரவில் படுத்துக்கொண்டு ஊர்க்கதை, பேய்க்கதை, பள்ளிக்கதை என்று இருவரும் ஓயாமல் பேசுவார்கள். ஒருநாள் நான் போயிருந்தபோது தமக்கை அடுப்படியில் நின்றபடியே, “தம்பி, என் பிள்ளையோடு நான் பேசி மூன்று மாதமாகிறதடா” என்றாள். அந்தச் சொல் என்னைச் சுட்டது.

தசரா விடுமுறைக்கு முன்பு தேர்வு நடந்தது. கணக்கில் ஐம்பதுக்கு ஆறு. மதிப்பெண் அட்டையோடு ஒரு குறிப்பும் வந்தது: குழந்தை மந்தமாக இருக்கிறாள், மூன்றாம் வகுப்பிலேயே மீண்டும் இருத்துவது நலம் என்று. (இவ்விடத்தில் அன்பர்கள் ஒன்றை அறிந்து வைத்துக்கொள்ள வேண்டும். 2009-ஆம் ஆண்டுக் கல்வியுரிமைச் சட்டம் எட்டாம் வகுப்பு முடியும் வரை எந்தக் குழந்தையையும் அதே வகுப்பில் நிறுத்தி வைக்கலாகாது என்றது. 2019-இல் வந்த திருத்தம், மாநில அரசு விரும்பினால், ஐந்தாம் வகுப்பிலும் எட்டாம் வகுப்பிலும் மட்டும், மறுதேர்வும் வைத்துப் பார்த்த பின்பு, நிறுத்தி வைக்க இடந்தந்தது. நான்காம் வகுப்புக் குழந்தையைக் கீழே இறக்க அதில் வழியில்லை. இதனைப் பணிவோடு எடுத்துச் சொன்னாலே பல பள்ளிகள் பேச்சை மாற்றிக்கொள்ளும்.)

ஓய்வு நாளன்று அந்தக் கணக்குத் தாளை எடுத்துக்கொண்டு குழந்தையோடு உட்கார்ந்தேன். ஒரு கணக்கின் பொருள் இதுதான்: கூடைகளில் 48 மாம்பழங்கள் இருந்தன, 19 பழங்கள் விற்றுவிட்டன, எஞ்சியவை எத்தனை? பக்கத்தில் கூடைப் படம் ஒன்றும் இருந்தது. குழந்தை விடையெழுதாமல் விட்டிருந்தாள். நான் அதையே தமிழில் சொன்னேன். நான் வாக்கியத்தை முடிக்குமுன்பே “இருபத்தொன்பது” என்றாள்.

“பின் ஏனம்மா எழுதவில்லை?”

“இடது பக்கம் எத்தனை என்று கேட்டிருக்கிறார்கள், மாமா. படத்தில் இடது பக்கம் கூடையே இல்லையே!”

ஆங்கிலத்தில் ‘லெஃப்ட்’ என்றால் இடது. எஞ்சியது என்பதற்கும் அதே சொல்தான். முதற்பொருளை மட்டும் யாரோ கையைக் காட்டிக் கற்பித்திருக்கிறார்கள். இரண்டாவது பொருளை ஒருவரும் சொல்லவில்லை. இன்னொரு கணக்கில் 15-க்கும் 9-க்கும் ‘டிஃபரன்ஸ்’ என்னவென்று கேள்வி. வேற்றுமை என்று அவள் அறிந்திருக்கிறாள். ஆகவே ஒன்றில் இரண்டு இலக்கம், மற்றொன்றில் ஓர் இலக்கம் என்று தனக்குத் தெரிந்த பத்துச் சொற்களைக் கொண்டு எழுத முயன்று அடித்துவைத்திருந்தாள். ‘டேபிள்’ என்பது மேசை என்றே நினைத்திருந்தாள். அது வாய்பாடாகவும் அட்டவணையாகவும் கூடும் என்று அவளுக்கு எப்படித் தெரியும்? தாள் முழுவதையும் நான் தமிழில் கேட்டு முடித்தபோது, ஐம்பதுக்கு நாற்பத்திரண்டு வந்தது. அந்தக் குழந்தையைத்தான் மந்தம் என்று எழுதியிருந்தார்கள்.

எனக்கு என் முதற்பணி நாட்கள் நினைவுக்கு வந்தன. சோலையார்பேட்டைப் பள்ளியில் தமிழ் வழியில் படித்துவிட்டுச் சரக்கு அலுவலகத்தில் வந்து உட்கார்ந்தேன். சுற்றறிக்கைகள் யாவும் ஆங்கிலம். ‘டெமரேஜ்’ என்றும் ‘வார்ஃபேஜ்’ என்றும் இரண்டு சொற்கள். அகராதியைப் பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலவே தோன்றி என்னைக் குழப்பின. ஒரு வாரம் தவறாகவே எழுதித் தலைமை எழுத்தரிடம் வசவு வாங்கினேன். அவர் கன்னடக்காரர், முதியவர். ஒருநாள் பேனாவை வைத்துவிட்டு, தமக்குத் தெரிந்த தமிழில், “தம்பி, வண்டியைப் பிடித்து வைத்தால் டெமரேஜ், சரக்கைப் போட்டு வைத்தால் வார்ஃபேஜ்” என்றார். அவ்வளவுதான்! குறித்த நேரத்துக்குமேல் சரக்கு வண்டியைக் காலி செய்யாமல் நிறுத்தி வைப்பதற்கு ஒரு கட்டணம். இறக்கிய சரக்கை இரயில்வே இடத்திலிருந்து எடுத்துப்போகாமல் கிடத்தி வைப்பதற்கு ஒரு கட்டணம். இன்றளவும் எனக்கு அது மறக்கவில்லை. பொருள் தாய்மொழியில் உள்ளே போயிற்று. பின்பு ஆங்கிலச் சொல் அதன்மேல் தானே போய் ஒட்டிக்கொண்டது. வயது வந்த எனக்கே அப்படியென்றால் ஒன்பது வயதுக் குழந்தையைப் பற்றிச் சொல்ல வேண்டுமோ?

இதையெல்லாம் கற்றோர் முறையாக ஆராய்ந்திருக்கிறார்கள் என்பதைப் பின்னரே அறிந்தேன். நம்மவர் பலர் குடியேறியுள்ள கனடா நாட்டின் டொராண்டோ நகரில் பேராசிரியராயிருந்த ஜிம் கம்மின்ஸ் என்பவர், விளையாட்டுத் திடலில் பேசும் மொழி வேறு, பாடநூலைப் புரிந்துகொள்ளும் மொழி வேறு என்று 1979-இல் பிரித்துக் காட்டினார். புதுமொழியில் சரளமாகப் பேசுவதற்குக் குழந்தைக்கு இரண்டு ஆண்டுகளளவு போதும். அம்மொழியிலேயே பாடத்தைச் சிந்தித்து, மற்றக் குழந்தைகளுக்கு ஈடாக எழுதுவதற்கு ஐந்து முதல் ஏழாண்டுகள் வரை ஆகும் என்பது அவருடைய ஆய்வின் முடிவு. நாமோ ஆறு மாதத்தில் அளந்து பார்த்துவிட்டு முத்திரை குத்துகிறோம். இதன் மறுபக்கமும் உண்டு. பிள்ளை ‘எக்ஸ்கியூஸ் மி’, ‘தேங்க் யூ’ என்று மடமடவெனப் பேசத் தொடங்கியதும், இனிக் கவலையில்லை என்று பெற்றோர் இருந்துவிடுகிறார்கள். பேச்சு வந்ததனாலேயே பாடம் விளங்கிவிட்டதாகாது. ஆறாம் ஏழாம் வகுப்புகளில் அறிவியலும் சமூகவியலும் கனக்கும்போது அப்பிள்ளைகள் ஏன் திடீரென்று சறுக்குகிறார்கள் என்று வியப்போர்க்கு விடை அங்கே இருக்கிறது.

இன்னொரு சிறு செய்தி. அமெரிக்காவில் மேரி பட் ரோ என்ற அம்மையார் 1970-களில் வகுப்பறைகளைக் கவனித்தார். ஆசிரியர்கள் கேள்வி கேட்டுவிட்டுச் சராசரியாக ஒரு விநாடிதான் காத்திருக்கிறார்கள். அதற்குள் விடை வராவிட்டால் அடுத்த குழந்தையைக் கேட்கிறார்கள் அல்லது தாமே விடை சொல்லிவிடுகிறார்கள். மூன்று விநாடி காத்திருந்தாலே குழந்தைகளின் விடைகள் நீண்டு செறிவாகின்றன என்று கண்டார். ஆங்கிலக் கேள்வியைத் தமிழாக்கி, தமிழில் விடை கண்டு, அதை மீண்டும் ஆங்கிலமாக்க வேண்டிய குழந்தைக்கு ஒரு விநாடி எம்மட்டு?

இத்தொல்லை நம் அடுகோடிக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்காவின் சான்பிரான்சிஸ்கோ நகரப் பள்ளிகளில் ஆங்கிலம் அறியாத சீனக் குழந்தைகள் ஏறத்தாழ 2,800 பேர் இருந்தனர். அவருள் ஆயிரம் பேர் வரையில்தான் தனி மொழியுதவி பெற்றனர். மற்ற 1,800 பேரும் ஒன்றும் விளங்காமல் வகுப்பில் அமர்ந்திருந்தனர். வழக்கு நாட்டின் உச்சநீதிமன்றம் வரை சென்றது. அதே கட்டடம், அதே புத்தகம், அதே ஆசிரியர் என்று கொடுத்துவிட்டால் மட்டும் சமமாக நடத்தியதாகாது என்று 1974 ஜனவரியில் நீதிபதிகள் ஒருமனதாகத் தீர்ப்பளித்தனர். இங்கிலாந்திலோ நேர்மாறான தவறு நடந்தது. கால்டர்டேல் என்னும் வட்டாரத்தில், வீட்டில் ஆங்கிலம் பேசாத குழந்தைகளைத் தேர்வு வைத்துப் பிரித்து, தனியான மொழி நிலையங்களுக்கு அனுப்பிவந்தார்கள். மற்றக் குழந்தைகள் முழுப்பாடமும் படிக்க, இவர்கள் மொழியை மட்டும் கற்றுக்கொண்டு பின்தங்கினார்கள். அந்நாட்டின் இனச் சமத்துவ ஆணைக்குழு 1986-இல் இது பாகுபாடே என்று கண்டது. உதவியின்றி உள்ளே தள்ளிவிடுவதும் தவறு. உதவி என்ற பெயரால் வெளியே நிறுத்திவிடுவதும் தவறு. எல்லாரோடும் ஒரே வகுப்பில் இருத்தி, வேண்டிய ஏணியையும் அங்கேயே சாத்திக் கொடுக்க வேண்டும்.

கருநாடகத்தில் இம்மொழிச் சிக்கல் நெடுங்காலமாக நீதிமன்றங்களில் உலவியது. தொடக்க வகுப்புகளில் தாய்மொழியோ கன்னடமோதான் பயிற்று மொழியாக வேண்டும் என்று மாநில அரசு 1994-இல் ஆணையிட்டது. உயர்நீதிமன்றம் 2008-இல் அதைத் தள்ளிற்று. 2014 மே மாதம் உச்சநீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியலமைப்பு அமர்வு, பயிற்று மொழியைத் தேர்ந்தெடுப்பது குழந்தையின் சார்பில் பெற்றோரது உரிமை என்று முடித்துவைத்தது. 2019-20 கல்வியாண்டில் அரசே ஓராயிரம் அரசுப் பள்ளிகளில் ஆங்கில வழிப் பிரிவுகளைத் தொடங்கிற்று. ஆங்கிலம் வேண்டும் என்று ஏழைக் குடும்பங்கள் விரும்புவதை நான் குறை கூறேன். ஆங்கிலம் அறியாதவன் அலுவலகத்தில் படும் பாட்டை நானே பட்டிருக்கிறேன். உரிமை கிடைத்தது, நல்லது. ஆனால் நாம் தேர்ந்தெடுத்துவிட்ட பின்பு அந்த வகுப்பில் காலை முதல் மாலை வரை உட்காருபவள் அந்தக் குழந்தை. அதற்கு மேலும் ஒரு சுமை: மாநிலத்தின் 2015-ஆம் ஆண்டுச் சட்டப்படி எல்லாப் பள்ளிகளிலும் கன்னடம் பாடமாக உண்டு. அது நியாயமே, இம்மண்ணின் சோற்றை உண்கிறவர்கள் இம்மண்ணின் மொழியைக் கற்கத்தான் வேண்டும். எனினும், புதிதாக வந்த குழந்தை ஒரே ஆண்டில் இரண்டு புதிய எழுத்து வரிசைகளோடு மல்லுக்கு நிற்கிறது என்பதைப் பெரியவர்கள் நினைவில் வைப்பது நலம்.

தசரா விடுமுறை முடிந்ததும் வகுப்பு ஆசிரியையைக் காணச் சென்றேன். சண்டைக்கென்றே போனேன் என்பதை மறைக்க விரும்பவில்லை. அங்கு நாற்பத்தெட்டுக் குழந்தைகளுக்கு நடுவில் தொண்டை கம்மிய ஓர் இளம்பெண் நின்றிருந்தார். கன்னடத் தாய்மொழியினர், தாமும் ஏழாம் வகுப்பு வரை கன்னடத்திலேயே படித்தவராம். நான் அந்தக் கணக்குத் தாளையும், தமிழில் கேட்டுக் குழந்தை சொன்ன விடைகளையும் காட்டினேன். ‘லெஃப்ட்’ கதையைச் சொன்னதும் அவர் சிரித்தார். பின்பு கண் கலங்கினார். “நானும் இப்படித்தான் எட்டாம் வகுப்பில் ஓராண்டு வாய் திறக்காமல் உட்கார்ந்திருந்தேன். அதை எப்படி மறந்தேன் என்று தெரியவில்லை” என்றார். என் கோபம் அங்கேயே போய்விட்டது.

அதற்குப் பின்பு அவர் செய்தவை பெரிய வித்தைகள் அல்ல. வகுப்பில் நன்றாக ஆங்கிலம் அறிந்த தமிழ்ப்பெண் ஒருத்தி இருந்தாள். அவளைக் குழந்தையின் பக்கத்தில் இருத்தினார். விடை தெரிந்தால் முதலில் தமிழில் சொல்லலாம், பக்கத்துப் பெண் அதை ஆங்கிலமாக்குவாள், பிறகு குழந்தை அந்த ஆங்கில வாக்கியத்தை ஒருமுறை தானே சொல்ல வேண்டும் என்று ஏற்பாடு. அதுவரை வகுப்பில் தமிழ் பேசினால் கண்டிப்பார்கள்! ஒவ்வொரு பாடத்திலும் உயிரான ஆறேழு சொற்களைக் கரும்பலகையின் ஓரத்தில் எழுதி, பக்கத்தில் சிறு படம் வரைந்து, வாரம் முழுவதும் அழிக்காமல் வைத்தார். ஒரே வாக்கியத்தை உரத்த குரலில் திரும்பத் திரும்பச் சொல்லும் வழக்கத்தை விட்டு, வேறு எளிய சொற்களில் மெல்லச் சொன்னார். எழுதும் பயிற்சியில் முழு வாக்கியத்தையும் எதிர்பாராமல், பாதி வாக்கியத்தைத் தாமே எழுதிக் கொடுத்து மீதியை நிரப்பச் செய்தார். இவையெல்லாம் என் தமக்கை மகளுக்கு மட்டுமன்றி, அதே வகுப்பிலிருந்த பீகார்ப் பிள்ளைகளுக்கும் உதவின என்று பின்பு அவரே சொன்னார்.

கன்னடத்தையும் அவர் கைவிளக்காகக் கொண்டார். தெருவில் விளையாடிய பழக்கத்தால் குழந்தைக்குக் கன்னடம் ஆங்கிலத்தைவிட விரைவாகக் காதில் ஏறியிருந்தது. வியப்பென்ன? கை அங்கும் கைதான். கண் அங்கே கண்ணு. நீர் அங்கே நீரு. நம் பகரம் அங்கே ஹகரமாகிவிடுகிறது: பால் ஹாலு, பல் ஹல்லு, புலி ஹுலி. இந்த இரகசியத்தை நான் குழந்தைக்குச் சொல்லிக்கொடுத்தேன். பத்து நாள் அவள் கண்ணில்பட்ட சொல்லையெல்லாம் ஹகரமாக்கிக்கொண்டு திரிந்தாள். அவற்றுள் பாதி தவறு. ஆனால் வீட்டில் மீண்டும் சிரிப்பொலி கேட்டது.

வெள்ளிக்கிழமைதோறும் ஆசிரியை அடுத்த வாரப் பாடத்தின் தலைப்பையும் முக்கியச் சொற்களையும் ஒரு துண்டுத்தாளில் எழுதியனுப்புவார். வேலை முறை எனக்கு இடங்கொடுக்கும் நாளில் நான் அதைத் தமிழில் விளக்கிவிடுவேன். பாடம் முன்பே தமிழில் தெரிந்திருந்தால், வகுப்பில் ஆங்கிலத்தை மட்டும் கவனித்தால் போதும். பாடத்தையும் மொழியையும் ஒரே நேரத்தில் துரத்த வேண்டியதில்லை. மாலை டியூஷனுக்கு அனுப்பும் பெற்றோர் இதனை ஊன்றி நோக்குக. அங்கே பெரும்பாலும் விளங்காத புத்தகத்தை விளங்காமலே இன்னொரு முறை படியெடுக்கிறார்கள். அதற்கு மாதந்தோறும் கூலி வேறு.

வீட்டுக் கட்டளையை மாற்றுவதுதான் எல்லாவற்றினும் கடினமாக இருந்தது. “மச்சான், ஆங்கிலம் வராமல் போய்விட்டால்?” என்று தமக்கையின் கணவர் அஞ்சினார். நான் வாதாடவில்லை. குழந்தையைக் கூப்பிட்டு, பள்ளியில் அன்று என்ன பாடம் என்று ஆங்கிலத்தில் கேட்கச் சொன்னேன். “சயன்ஸ்” என்று ஒரு சொல் சொல்லி நின்றாள். அதையே தமிழில் கேட்கச் சொன்னேன். கடல் நீர் ஆவியாவது, மேகமாவது, குளிர்ந்து மழையாவது என்று கால் மணி நேரம் நிறுத்தாமல் சொன்னாள். நடுவில் தமக்கை அடுப்படியிலிருந்தே, “அப்படியானால் மழை நீரில் ஏன் உப்பில்லை?” என்று கேட்டாள். குழந்தை விழித்தாள். மறுநாள் வகுப்பில் அந்தக் கேள்வியைக் கேட்டாள், பாதி ஆங்கிலத்திலும் பாதி கன்னடத்திலும். அந்த ஆண்டில் அவள் வகுப்பில் தானாக எழுந்து கேட்ட முதற்கேள்வி அது. அன்று மாலையிலிருந்து வீட்டில் தமிழுக்கிருந்த தடை நீங்கிற்று.

அவள் இப்போது ஐந்தாம் வகுப்பில் இருக்கிறாள். முதல் மாணவி ஆகிவிடவில்லை. கட்டுரை எழுதச் சொன்னால் இன்னமும் இறந்தகாலத்தையும் நிகழ்காலத்தையும் கலந்துவிடுகிறாள். ஆங்கில எழுத்துக்கூட்டு அவளை நாள்தோறும் ஏமாற்றுகிறது. கணக்கில் சென்ற தேர்வில் ஐம்பதுக்கு முப்பத்தெட்டு. டொராண்டோப் பேராசிரியரின் கணக்குப்படி இன்னும் நான்கைந்து ஆண்டுகள் இருக்கின்றன. நாங்கள் அவசரப்படவில்லை.

சென்ற வாரத் துண்டுத்தாளில் ‘ஃப்ராக்ஷன்’ என்று எழுதியிருந்தது. எனக்கு இரவு வேலை. மறுநாள் காலையில் போய்ப் பார்த்தபோது, தமக்கை தோசைக் கல்லின் முன்னே உட்கார்ந்து பாடத்தை முடித்திருந்தாள். தோசையை இரண்டாக்கி அரை என்றும், அதைப் பாதியாக்கிக் கால் என்றும், அதையும் பாதியாக்கி அரைக்கால் என்றும், அதற்கும் கீழே வீசம் என்றும், பாட்டி படியளக்கும்போது சொல்லும் கணக்கையெல்லாம் சொல்லியிருக்கிறாள். “மாமா, அரைக்கால் என்றால் ஒன் பை எய்ட். வீசம் என்றால் ஒன் பை சிக்ஸ்டீன். டீச்சருக்கு இதற்கெல்லாம் தனிப்பெயர் தெரியுமா?” என்று கேட்டுக்கொண்டே குழந்தை பையை மாட்டினாள். பள்ளிக்கு நேரமாகிவிட்டபடியால் வீசத்தை வாயில் போட்டுக்கொண்டே ஓடினாள்.